மலைக்கு அப்பால் பிறந்த மேதை

குமுளி எல்லையில் கிழக்கு நோக்கி நின்று நேர்க்கோடு ஒன்றை மனத்தில் இழுத்துப் பாருங்கள். அக்கோடு லோயர் கேம்ப்பின் மீது இறங்கும், கம்பம் பள்ளத்தாக்கைக் கடக்கும், மேகமலையில் ஏறும், வருஷநாட்டு மலைகளைத் தாண்டும். மறுபுறம் சமவெளியில் அது இறங்குமிடத்தில், நெல் வயல்களுக்கு நடுவே ஓர் ஊர் உண்டு. வத்திராயிருப்பு என்பது அதன் பெயர். வட்டாரத்தார் வாயில் அது வத்ராப். சாலை வழியே செல்வோர்க்கு மலையைச் சுற்றிக்கொண்டு நெடுந்தூரம் போகவேண்டும். பறவை பறக்கும் கணக்கில் பார்த்தாலோ சுமார் 50 கிலோமீட்டர்தான். நாம் பார்க்கும் அதே மலைத்தொடரை அவ்வூரார் மேற்கே பார்க்கின்றனர். நாம் கிழக்கே பார்க்கின்றோம். வேறுபாடு அவ்வளவே.

அவ்வூரில் 1898-ஆம் ஆண்டு டிசம்பர் 4-ஆம் நாள் பிறந்த ஒருவர், பிற்காலத்தில் இலண்டன் இராயல் சொசைட்டியின் உறுப்பினராகவும், புதுதில்லித் தேசிய பௌதிக ஆராய்ச்சிக் கூடத்தின் முதல் இயக்குநராகவும் விளங்கினார். அவரே கரியமாணிக்கம் சீனிவாச கிருஷ்ணன், கே. எஸ். கிருஷ்ணன் என்பது உலகம் வழங்கிய பெயர். சர் சி. வி. இராமனின் பெயரைப் பள்ளிப் பிள்ளைகளும் அறிவர். இராமனின் அருகிருந்து உழைத்த கிருஷ்ணனின் பெயரை, மலையின் அப்புறத்தில் வாழ்வோரிலும் இப்புறத்தில் வாழும் நம்மிலும், அறிந்தவர் சிலரே. அறிந்த அச்சிலரும் இராமன் விளைவோடு அவர் பெயரைச் சேர்த்துச் சொல்லி நிறுத்திவிடுகின்றனர். அதற்குச் சற்று முன்னர் அவர் செய்த அருமையான வேலை ஒன்று உண்டு. மின்சாரம் பாயாத பொருள்கள் மின்புலத்தில் வைக்கப்படும்போது அவற்றின் உள்ளே என்ன நிகழ்கிறது என்பதைப் பற்றியது அது. அவ்வேலையை நடுவில் வைத்து அவர் வாழ்வைச் சொல்வதே இக்கட்டுரையின் நோக்கம்.

கிருஷ்ணனின் தந்தையார் உழவுத் தொழிலினர். அதே சமயம் தமிழிலும் வடமொழியிலும் புலமை உடையவர். மைந்தர்க்கு இவ்விரண்டு செல்வங்களும் வாய்த்தன. உள்ளூரிலும் பின்னர் ஸ்ரீவில்லிபுத்தூரிலும் பள்ளிப் படிப்பு. மதுரை அமெரிக்கன் கல்லூரியிலும் சென்னைக் கிறித்துவக் கல்லூரியிலும் மேற்படிப்பு. பட்டம் பெற்றதும் அச்சென்னைக் கல்லூரியிலேயே இரசாயனப் பிரிவில் செய்முறை விளக்குநராக அமர்ந்தார். பதவி சிறியது. ஆயினும் நண்பகல் உணவு வேளையில் அவரைச் சுற்றி மாணவர் கூட்டம் ஒன்று சேரலாயிற்று. பௌதிகம், இரசாயனம், கணிதம் எதைப் பற்றியும் யாரும் கேட்கலாம். அவர் விடை கூறுவார். வேறு கல்லூரி மாணவரும் அதற்கென வந்ததாகச் சொல்வர். இன்ன பாடம் தம் எல்லைக்குள் அடங்கியது, இன்னது அடங்காதது என்று பார்க்கும் வழக்கம் அவரிடம் தொடக்கத்திலிருந்தே இல்லை.

1920-இல் அவர் கல்கத்தாவுக்குப் புறப்பட்டார். பிழைப்பைத் தேடிப் பிற மாநிலத்துக்கு வந்த நமக்கு அப்பயணத்தின் பொருளை விரித்துரைக்க வேண்டுவதில்லை. மொழி வேறு, உணவு வேறு, தெரிந்த முகம் இல்லை. ஆனால் அங்கே இராமன் இருந்தார். பவ்பஜார் வீதியில் இந்திய விஞ்ஞான வளர்ச்சிக் கழகம் என்னும் நிலையத்தில், எளிய கருவிகளைக் கொண்டு உலகம் திரும்பிப் பார்க்கும் ஆராய்ச்சிகளை அவர் நடத்திக்கொண்டிருந்தார். 1923-இல் கிருஷ்ணன் அவரிடம் ஆராய்ச்சியாளராகச் சேர்ந்தார். முதலிற் கிடைத்த பெரும்பணி, திரவங்கள் ஒளியை எவ்வாறு சிதறடிக்கின்றன என்பதைக் காண்பது. ஒன்றல்ல, இரண்டல்ல, 65 திரவங்களைத் தூசு துளியும் இன்றித் தூய்மை செய்து, ஒவ்வொன்றாகச் சூரிய ஒளியில் வைத்துப் பார்த்து, 1925-இல் முடிவுகளை வெளியிட்டார். திரவத்தைத் தூய்மை செய்வது சமையலறையில் நெய் உருக்குவது போன்ற வேலையன்று. மூடிய கண்ணாடிக் குடுவையில் அதை மீண்டும் மீண்டும் மெல்லக் காய்ச்சி வடிக்க வேண்டும். ஒரு தூசு மிஞ்சினாலும் ஒளி அதன்மேற் பட்டு மின்னி, அளவு பொய்த்துவிடும். இப்பொறுமையே அவரை அடுத்த கேள்விக்குக் கொண்டு சென்றது.

அக்கேள்வியைப் புரிந்துகொள்ளச் சற்றே விலகிச் செல்ல வேண்டும், வாசகர்கள் பொறுத்தருள்க. நம் பிள்ளைகளிற் சிலர் தமிழிலும், பலர் மலையாளத்திலும் ஆங்கிலத்திலும் பௌதிகம் படிக்கின்றனர். பள்ளியில் படித்ததை மாலையில் வீட்டாரிடம் தமிழில் சொல்ல முயன்று, சொல் கிட்டாமல் நிறுத்திவிடுகின்றனர். ஆகவே இங்கே சொல்லப்படுவதைப் பெற்றோரும் பிள்ளைகளும் சேர்ந்திருந்து படிக்கும்படி வேண்டுகிறேன்.

வீட்டு மின்விசிறியின் உள்ளே கண்டன்சர் என்று ஒன்று இருப்பதை அறிவீர்கள். மலைமேல் வாழும் நமக்கு விசிறியின் தேவை குறைவு. ஆனாலும் கம்பத்திலும் தேனியிலும் உள்ள உறவினர் வீடுகளில், விசிறி மெல்லச் சுற்றும்போது மின்பணியாளர் வந்து மாற்றிவிட்டுப் போவாரே, அந்தச் சிறு உருளைதான். அதனுள் இரண்டு உலோகப் பரப்புகள் மிக நெருக்கமாக அமைந்திருக்கும். அவை ஒன்றையொன்று தொடாமலிருக்க நடுவில் மின்சாரம் கடத்தாத மெல்லிய பொருள் ஒன்று வைக்கப்பட்டிருக்கும். முன்னாளில் எண்ணெயில் ஊறிய காகிதம். இந்நாளில் பிளாஸ்டிக் தாள். நடுவிலுள்ள அப்பொருளின் வேலை இரண்டு பரப்புகளையும் பிரித்துவைப்பது மட்டுமே என்று நாம் எண்ணுவோம். அது தவறு என்பதை 1837-இல் மைக்கேல் பாரடே காட்டினார்.

பாரடே ஒரே அளவான இரண்டு கருவிகளைச் செய்துகொண்டார். ஒவ்வொன்றும் உலோகக் கோளம் ஒன்றினுள் மற்றொரு கோளம் அமைந்தது. ஒன்றில் கோளங்களுக்கு இடையே காற்று, மற்றொன்றில் அரக்கு. முதலாவதற்கு மின்னூட்டம் ஏற்றி, அதனை இரண்டாவதோடு இணைத்தார். இரண்டும் ஒன்றுபோலானவை என்றால் மின்னூட்டம் சரிபாதியாகப் பிரிய வேண்டும். பிரியவில்லை, அரக்கு வைத்த கருவி மிகுதியை எடுத்துக்கொண்டது. கண்ணாடியும் கந்தகமும் அவ்வாறே செய்தன. நடுவில் வைத்த பொருள் சும்மா இருக்கவில்லை என்பது இதனால் விளங்கிற்று. நடுவே வெற்றிடம் இருக்கும்போது ஒரு மின்தேக்கி கொள்ளும் மின்னூட்டத்தைப் போல, ஒரு பொருளை இட்டு நிரப்பினால் எத்தனை மடங்கு கொள்ளும் என்பதே அப்பொருளின் மின்காப்பு மாறிலி. வெற்றிடத்துக்கு அது 1. காற்றுக்கு 1-ஐ விடச் சிறிதே மிகுதி. பென்சீனுக்குச் சுமார் 2.3, அப்பிரகத்துக்கு 5 முதல் 7 வரை. தூய நீருக்கு, சாதாரண வெப்பத்தில், 80!

ஏன் இந்த ஏற்றத்தாழ்வு? செம்புக் கம்பியிலுள்ள எலக்ட்ரான்களை அவிழ்த்துவிட்ட மாடுகள் எனலாம். மின்புலம் ஓட்டிய திசையில் அவை ஓடும். மின்காப்புப் பொருளில் உள்ளவையோ கட்டுத்தறியில் கட்டப்பட்டவை. ஓட முடியாது, ஆயினும் கயிற்றின் நீளத்துக்குள் ஒரு பக்கமாக நகரும். ஒவ்வொரு மூலக்கூற்றிலும் எதிர்மின் ஒரு புறமும் நேர்மின் மறுபுறமுமாக மயிரிழையினும் மிகமிகச் சிறிதளவு விலக, மூலக்கூறு இருமுனை உடையதாகிறது. இதற்கு மின்முனைவாக்கம் என்று பெயர். நீர் போன்ற சில பொருள்களில் மூலக்கூறுகள் பிறவியிலேயே இருமுனை உடையவை. புலம் வந்ததும் அவை புலத்தின் திசைக்குத் திரும்ப முயல்கின்றன. வெப்பத்தின் அலைக்கழிப்பு அவற்றைக் கலைக்கிறது. நீரைக் கொதிநிலைக்குச் சூடாக்கினால் அந்த 80 சுமார் 55 ஆகக் குறைவது இதனாற்றான். பிறவி இருமுனைகளைப் பற்றிய இக்கருத்தை 1912-இல் டச்சு விஞ்ஞானி பீட்டர் டிபை வெளியிட்டார்.

இது ஏட்டுச் சுரைக்காய் என்று யாரும் எண்ண வேண்டா. பறித்த பச்சை ஏலக்காயின் எடையில் நூற்றுக்கு 80 பங்களவு நீரே. ஸ்டோரில் இட்டு உலர்த்தி அதைப் பத்துப் பங்கு அளவிற்குக் குறைத்தால்தான் காய் நிறம் மாறாமலும் பூஞ்சணம் பிடிக்காமலும் இருக்கும். கைதேர்ந்தவர் காயைக் குலுக்கி ஓசையிலேயே பதம் சொல்வார். அது முடியாதவர்க்கு ஈரப்பதம் காட்டும் கருவிகள் உண்டு. தானியத்துக்கும் மிளகு முதலிய நறுமணப் பொருள்களுக்கும் அவை பயன்படுகின்றன. அவற்றுட் பல, கிண்ணத்தின் இரண்டு உலோகப் பரப்புகளுக்கிடையே பொருளைக் கொட்டி, அது எவ்வளவு மின்னூட்டத்தைத் தாங்குகிறது என்று பார்ப்பவை. உலர்ந்த பொருளின் மாறிலி சில எண்களே, நீரினது 80. ஆகவே சிறிதளவு ஈரம் மிஞ்சினாலும் கருவி காட்டிக்கொடுத்துவிடும். பாரடேயின் கோளங்கள் கிண்ணமாகி வணிகர் மேசைக்கு வந்துவிட்டன என்று சொல்லலாம்.

நிற்க. இனிக் கிருஷ்ணன் எதிர்கொண்ட கேள்விக்கு வருவோம்.

ஒரு மின்காப்புப் பொருளை மின்புலத்தில் வைக்கிறோம். அதனுள்ளே உள்ள ஒரு மூலக்கூறு உணரும் புலம் எது? நாம் வெளியிலிருந்து செலுத்திய புலம் மட்டுமா? அன்று. திருவிழாக் கூட்டத்தில் நடுவே நிற்பவனைத் தேரின் வடம் மட்டுமா இழுக்கிறது? முன்னும் பின்னும் பக்கத்திலும் நிற்பவர்களும் அல்லவா தள்ளுகின்றனர்! அதுபோல, அண்டை மூலக்கூறுகள் ஒவ்வொன்றும் இருமுனையாகிவிட்டமையால் அவையும் நடுவிலுள்ள மூலக்கூற்றின்மேல் தம் பங்குக்கு ஒரு புலத்தைச் செலுத்துகின்றன. இந்தக் கூடுதற் புலத்தைக் கணக்கிட்டாலன்றி, தனி மூலக்கூற்றின் தன்மையிலிருந்து பொருளின் மின்காப்பு மாறிலியைச் சொல்ல இயலாது.

இதற்குப் பத்தொன்பதாம் நூற்றாண்டிலேயே ஒரு வழி கண்டிருந்தனர். இத்தாலியரான மொசோட்டியும் ஜெர்மானியரான கிளாசியசும் மாறிலிக்கும் அடர்த்திக்கும் உள்ள தொடர்பைக் கூறினர். டச்சு மேதை லோரன்ஸ் அதனைத் தெளிவாக்கினார். மூலக்கூற்றைச் சுற்றி உருண்டையான சிறிய அறை ஒன்று குடைந்திருப்பதாகக் கற்பனை செய்க. அறையின் சுவர்களில் தோன்றும் மின்னூட்டங்கள் நடுவிலுள்ள மூலக்கூற்றின்மேல் செலுத்தும் புலத்தைக் கணக்கிட்டால், அது மூன்றில் ஒரு பங்கு என்று வருகிறது. எதன் மூன்றில் ஒரு பங்கு? அவ்வறையைப் புலத்துக்குக் குறுக்கே தட்டையான காசுபோற் குடைந்தால் வரும் கூடுதற் புலத்தை ஒரு முழுப் பங்கு என்று வைத்துக்கொண்டால், அதில் மூன்றில் ஒன்று. அறையைப் புலத்தின் திசையில் ஊசிபோல் நீளக் குடைந்தாலோ கூடுதற் புலம் ஏறக்குறையச் சுழியாகிவிடும். காசுக்கும் ஊசிக்கும் நடுவே உருண்டை; முழுமைக்கும் சுழிக்கும் நடுவே மூன்றில் ஒன்று. கணக்கு அழகாக முடிந்தது. உலகம் முழுவதும் அச்சூத்திரத்தையே பயன்படுத்தியது.

அழகாக முடிந்த கணக்கில் ஒரு சிறு முரண் இருந்தது. அச்சூத்திரம் முற்றும் உண்மையாயின், ஒரு பொருளை ஆவியாக்கினாலும் திரவமாக வைத்தாலும், சூடாக்கினாலும் குளிரச் செய்தாலும், அதிலிருந்து பெறும் ஒரு குறிப்பிட்ட எண் மாறாமல் இருக்க வேண்டும். அளந்து பார்த்தால் மாறியது. மாற்றம் பெரிதன்று. பெரும்பாலோர் அதைக் கருவியின் குறை என்றோ, ஏதோ சிறு காரணம் என்றோ விட்டுவிட்டனர். வேறு சில முரண்களும் இருந்தன. வலிய மின்புலத்தில் வைத்த திரவம், அதனூடு செல்லும் ஒளியை இரண்டாகப் பிரிக்கும் தன்மை பெறும் என்று 1875-இல் ஜான் கெர் கண்டிருந்தார். ஆவியில் அளந்த மூலக்கூற்றின் தன்மையைக் கொண்டு, திரவத்தில் இவ்விளைவு எவ்வளவு இருக்கும் என்று கணக்கிட்டால் அளவோடு பொருந்தவில்லை. கிருஷ்ணன் தாமே அளந்த 65 திரவங்களின் ஒளிச் சிதறலிலும் அப்பொருத்தமின்மை தெரிந்தது.

1927-இல் இராமனும் கிருஷ்ணனும் சேர்ந்து இதற்கு விடை கண்டனர். விடையைச் சொல்லிவிட்டால் இவ்வளவுதானா என்று தோன்றும். மூலக்கூறுகள் உருண்டையானவை அல்ல! பென்சீன் தட்டையானது; கரிமக் கந்தகத் திரவத்தின் மூலக்கூறு நீளமானது. நீளமான ஒன்றை உருண்டை அறைக்குள் வைத்துக் கணக்கிட்டால் கணக்கு எங்ஙனம் சரியாகும்? அண்டை மூலக்கூறுகள் அதனை நெருங்கி நிற்கும் எல்லை அதன் வடிவத்தையே ஒத்திருக்குமன்றோ? ஆகவே அறையும் நீண்டிருக்க வேண்டும். மூலக்கூறு புலத்தின் திசையில் நீளவாட்டில் கிடந்தால் அண்டையார் தரும் கூடுதற் புலம் மூன்றில் ஒன்றினும் குறையும். குறுக்கே கிடந்தால் மிகும். ஒரே திரவத்தில், ஒரே புலத்தில், இரண்டு மூலக்கூறுகள் கிடக்கும் கிடையைப் பொறுத்து வெவ்வேறு புலங்களை உணர்கின்றன.

இதிலிருந்து நயமான விளைவு ஒன்று தோன்றுகிறது. நீண்ட மூலக்கூறு தன் நீள அச்சின் வழியேதான் எளிதில் முனைவாகும். ஆனால் திரவத்தில் அந்த அச்சின் வழியேதான் அதற்குக் கிடைக்கும் கூடுதற் புலம் குறைவு. குறுக்கு அச்சில் முனைவாவது கடினம். அங்கே புலம் மிகுதி. ஆகவே ஆவி நிலையில் தனித்திருக்கும்போது தெரியும் கோணற்றன்மை, திரவத்தில் கூட்டத்தோடு இருக்கும்போது குறைந்து தெரிகிறது. பொருந்தாமல் நின்ற கணக்குகள் பலவும் இதனால் பொருந்தி வந்தன. இவ்வேலை, திரவங்களின் ஒளியியல், மின்னியல் பண்புகளைப் பற்றிய கொள்கை என்னும் பெயரில், இராயல் சொசைட்டியின் ஏட்டில் 1928-இல் வெளிவந்தது.

அதுவே இறுதிச் சொல் என்று நான் கூறவில்லை. நீர் போன்ற பிறவி இருமுனைத் திரவங்களுக்கு வேறு வழி வேண்டியிருந்தது. அதனை 1936-இல் ஆன்சாகர் என்பார் காட்டினார். ஆயினும், எல்லோரும் ஒப்புக்கொண்ட சராசரியை ஒப்புக்கொள்ளாமல், அண்டையிலிருப்பவர் எப்படி நிற்கின்றனர் என்று உள்ளே நுழைந்து பார்த்த துணிவு இதில் உண்டு. என் சிறிய அறிவுக்கு எட்டியவரை, கிருஷ்ணனின் பிற்காலப் பணிகள் பலவற்றுக்கும் வித்து இங்கேதான் கிடக்கிறது.

இக்கொள்கை வேலையில் ஆழ்ந்திருந்தபோது அவர் கருவிகளைத் தொடுவது குறைந்துவிட்டது. காகிதத்திலேயே நாள்கள் கழிந்தன. விஞ்ஞானி ஒருவர் செய்முறையை விட்டு நெடுநாள் விலகியிருப்பது நலமன்று என்று இராமன் கருதினார். அவர் விருப்பப்படி 1928 பிப்ரவரித் தொடக்கத்தில் கிருஷ்ணன் மீண்டும் இருட்டறைக்குள் புகுந்து, திரவங்கள் வெளியிடும் மங்கலான ஒளியை ஆராயலானார். அந்நாள்களில் அவர் எழுதிவைத்த நாட்குறிப்பு பிற்காலத்தில் அச்சேறியது. அதனால் நமக்கு அந்நிகழ்ச்சிகள் ஏறக்குறைய நாள்தோறும் தெரிகின்றன. பிப்ரவரி 7-ஆம் நாள் காலை ஆசிரியரும் மாணவரும் சேர்ந்து அவ்வொளியைப் பார்த்தனர். அன்றிரவு உணவு முடித்து, உடன் தங்கியிருந்த நண்பரோடு கிருஷ்ணன் அறையில் பேசிக்கொண்டிருந்தார். ஒன்பது மணியளவில் இராமன் திடீரென்று அவ்வீட்டுக்கே வந்து பெயர் சொல்லி அழைத்தார். காலையில் கண்டது, ஐரோப்பிய அறிஞர்கள் கணக்கில் மட்டும் கண்டு எவரும் கண்ணாற் காணாத புதிய விளைவே என்பது அவருக்குப் புலனாகிவிட்டது. விடியும்வரை பொறுக்க அவரால் முடியவில்லை. அதே மாதம் 28-ஆம் நாள் முடிவு உறுதியாயிற்று. அந்நாளையே நாடு இன்று தேசிய விஞ்ஞான நாளாகக் கொண்டாடுகிறது.

புதிய விளைவை உலகுக்கு அறிவித்த முதற் குறிப்பில் இராமன், கிருஷ்ணன் இருவர் பெயரும் இருந்தன. விளைவுக்குச் சூட்டிய பெயர் ஒன்று. 1930-இல் நோபல் பரிசு பெற்றவரும் ஒருவர். இதைப் பற்றி அன்றிலிருந்து இன்றுவரை பலர் பலவிதமாகப் பேசியுள்ளனர். பல்லாண்டு காலம் அத்திசையில் ஆராய்ச்சியை நடத்தி வந்தவர் இராமனே என்பதில் ஐயமில்லை. அவ்வொளியின் சாயலை 65 திரவ ஆராய்ச்சியின்போதே கிருஷ்ணன் கண்டு குறித்திருந்தார் என்பதும், கண்டுபிடிப்பு நிகழ்ந்த நாள்களில் இருட்டறையில் பெரும்பொழுது கண்ணைச் சோர வைத்தவர் அவரே என்பதும் உண்மை. இதற்காகக் கிருஷ்ணன் மேடையேறி வழக்காடியதில்லை. அவருக்கு வருத்தம் இருந்ததா இல்லையா என்று ஊகிப்பது நம் வேலையன்று. 1928 இறுதியில் அவர் டாக்கா பல்கலைக்கழகத்தில் பௌதிக ரீடராகச் சேர்ந்து, தமக்கென ஒரு புதிய துறையைத் தொடங்கினார் என்பதைச் சொல்வதே போதும்.

டாக்காவில் அவர் எடுத்துக்கொண்டது படிகங்களின் காந்தப் பண்பு. மேலோட்டமாகப் பார்த்தால் முன்னதற்கும் இதற்கும் தொடர்பில்லை. உற்று நோக்கினாலோ அதே கேள்விதான்: உருண்டையல்லாத மூலக்கூறு திசைக்கொரு விதமாக எவ்வாறு நடந்துகொள்கிறது? திரவத்தில் மூலக்கூறுகள் தாறுமாறாகக் கிடப்பதால் திசை மறைந்துபோகிறது. படிகத்தில் அவை ஒழுங்காக அடுக்கப்பட்டுள்ளன, திசை தெரியும். சிறிய படிகம் ஒன்றை மெல்லிய இழையில் கட்டிக் காந்தத்தின் நடுவே தொங்கவிடுவார். படிகம் தனக்குப் பிடித்த திசையில் திரும்பி நிற்கும். இழையின் மேல்முனையை மெதுவாக முறுக்கிக்கொண்டே போனால், குறிப்பிட்ட ஒரு கோணம்வரை படிகம் பிடிவாதமாக நின்று, பிறகு திடீரென்று சுழன்றுவிடும். அக்கோணத்திலிருந்து திசைக்குத் திசை காந்தப் பண்பு எவ்வளவு வேறுபடுகிறது என்பதைக் கணக்கிட்டார். அவ்வேறுபாட்டிலிருந்து படிகத்தினுள் மூலக்கூறுகள் எவ்வளவு சாய்ந்து கிடக்கின்றன என்பதையும் சொன்னார். நம் வீட்டுப் பெட்டியில் துணிகளுக்கிடையே போடும் அந்துருண்டையின் பொருளாகிய நாப்தலீன் அவர் ஆராய்ந்த படிகங்களுள் ஒன்று. ஓர் இழை, ஒரு காந்தம், ஒரு சிறு படிகம். இவற்றைக் கொண்டு எக்ஸ்-கதிர்க் கருவி சொல்லவேண்டியதை அவர் சொல்லிவிட்டார்.

1933-இல் கல்கத்தாவுக்குத் திரும்பி, அதே விஞ்ஞான வளர்ச்சிக் கழகத்தில் மகேந்திரலால் சர்க்கார் பேராசிரியரானார். 1940-இல் இராயல் சொசைட்டி உறுப்பினர். 1942-இல் அலகாபாத் பல்கலைக்கழகப் பேராசிரியர். 1946-இல் சர் பட்டம். 1947 ஜனவரி 4-ஆம் நாள் நேரு அடிக்கல் நாட்டிய தேசிய பௌதிக ஆராய்ச்சிக் கூடத்துக்கு அவரே முதல் இயக்குநர். கூடம் 1950 ஜனவரி 21-இல் சர்தார் பட்டேலால் திறக்கப்பட்டது. 1948-இல் அமைந்த அணுசக்திக் கமிஷனில் பாபா, பட்நாகர் ஆகியோருடன் அவரும் ஓர் உறுப்பினர். 1954-இல் பத்மபூஷண் விருது பெற்றார். பட்நாகர் பெயரால் நிறுவப்பட்ட பரிசை 1958-இல் முதலிற் பெற்றவரும் அவரே.

நாட்டின் நீளம், நிறை, காலம், மின்னியல் அளவுகள் ஆகியவற்றுக்குரிய மூலப் படிகளைக் காக்கும் இடம் அது. நம் கடைத்தெருவில் ஏலக்காய் நிறுக்கும் கிலோகிராம் படிக்கல்லுக்கும் கடைசி ஆதாரம் அங்கேதான் இருக்கிறது. அவ்வளவு பெரிய நிலையத்தைத் தலைமை தாங்கி நடத்தியபோதும் அவர் ஆராய்ச்சியைக் கைவிடவில்லை. சூடேறிய உலோகமும் கிராபைட்டும் எலக்ட்ரான்களை வெளியிடும் விதத்தை, இளைஞர்களைச் சேர்த்துக்கொண்டு இறுதிவரை ஆராய்ந்துவந்தார். பதவி வந்ததும் பட்டறையை மறந்துவிடும் அறிஞர் பலரைக் கண்ட நாட்டில் இது குறிப்பிடத்தக்கது.

தமிழ் அவரை விட்டு நீங்கவில்லை. கல்கத்தாவிலும் டாக்காவிலும் அலகாபாத்திலும் தில்லியிலுமாக நாற்பதாண்டு தமிழ்நாட்டுக்கு வெளியே வாழ்ந்தவர் அவர். அப்படியிருந்தும் தமிழ் இலக்கியத்திலும் வடமொழி நூல்களிலும் அவருக்கிருந்த ஈடுபாடு குறையவில்லை. தமிழில் விஞ்ஞானக் கட்டுரைகள் எழுதினார். தாய்மொழியில் விஞ்ஞானம் கற்பிக்க வேண்டும் என்பதை வற்புறுத்தியவர்களுள் அவரும் ஒருவர். முனைவாக்கம், புலம், மாறிலி போன்ற சொற்கள் இன்று நம் பாடநூல்களில் எளிதாக வழங்குகின்றன. அவர் எழுதிய நாளில் ஒவ்வொரு சொல்லையும் தேடித்தான் பிடிக்கவேண்டியிருந்தது. ஓய்வு நேரத்தில் டென்னிஸ் ஆடுவார். கால்பந்திலும் கிரிக்கெட்டிலும் விருப்பமுடையவர். ஆராய்ச்சிக் கூடத்துக்கு வெளியே இறுக்கமான மனிதராக அவரை யாரும் கண்டதில்லை.

1961 ஜூன் 14-ஆம் நாள், பணியில் இருந்தபோதே, அவர் காலமானார். அப்போது அவருக்கு வயது 62. அவர் உருவாக்கிய ஆராய்ச்சிக் கூடம் புதுதில்லியில் இன்றும் பணியாற்றிவருகிறது. அது அமைந்திருக்கும் சாலைக்கு டாக்டர் கே. எஸ். கிருஷ்ணன் மார்க் என்று பெயர்.